போரைக் கேலி செய்யும் நாடகங்கள்: புதிதாக வருபவருக்கு ஒரு வழிகாட்டி

போர் வீரத்தைக் கிண்டல் செய்யும் நாடகம் என்றால், பயந்தாங்கொள்ளிச் சிப்பாய் ஒருவன் தடுக்கித் தடுக்கி விழுவான், சிரித்துவிட்டு வரலாம் என்றுதான் பலர் நினைக்கிறார்கள். வேறு சிலர், கடைசிக் காட்சியில் யாராவது முன்னால் வந்து 'போர் வேண்டாம்' என்று பிரசங்கம் செய்வார் என்று எதிர்பார்க்கிறார்கள். இந்த வகையின் நல்ல நாடகங்களில் இரண்டும் கிடையாது. அவற்றில் வரும் வீரர்கள் பலர் உண்மையிலேயே துணிச்சல்காரர்கள். கேலிக்கு ஆளாவது, அந்தத் துணிச்சலைப் பற்றி வீட்டில் உட்கார்ந்தபடி கட்டப்படும் கதை.

போரில் ஆயிரம் யானைகளைக் கொன்றவனைப் பாடுவது பரணி என்று இலக்கணமே வகுத்து வைத்த மொழி நம்முடையது. அதனால் இந்தக் கேலி முதலில் கொஞ்சம் உறுத்தலாம். ஆனால் இதற்குத் தேவையான பார்வை நம்மிடம் ஏற்கனவே இருக்கிறது. புறநானூற்றின் 95ஆம் பாட்டில் ஔவையார் தொண்டைமானின் படைக்கலங்களைப் பார்க்கிறார். அவை மயிற்பீலி சூடி, நெய் பூசி, பளபளவென்று இருக்கின்றன. தன் தலைவன் அதியமானின் வேல்களோ நுனி முறிந்து கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன. யார் உண்மையில் போர் செய்தவர் என்பதைப் பேச்சை வைத்து முடிவு செய்யாமல் ஆயுதத்தைப் பார்த்து முடிவு செய்கிற பாட்டு அது. ஔவை இந்தப் பார்வையால் தன் தலைவனின் வீரத்தை நிலைநாட்டினார். நாம் பார்க்கப்போகும் நாடகக்காரர்கள் அதை எதிர்ப்பக்கம் திருப்புகிறார்கள். வீரன் பேசிக்கொண்டே இருக்கட்டும், நாம் அவன் பையைத் திறந்து பார்ப்போம் என்பதுதான் அவர்களுடைய உத்தி. கீழே வரும் படிகள் எல்லாமே அந்தப் பையைத் திறக்கும் வழிகள்தான்.

படி 1: ஷாவிலிருந்து தொடங்குங்கள்

பலர் பழங்கிரேக்க நாடகாசிரியர் அரிஸ்டோஃபனீஸின் 'லிசிஸ்ட்ராட்டா'வை முதலில் கையில் எடுக்கிறார்கள். போரை நிறுத்தும்வரை கணவன்மாருடன் படுக்க மாட்டோம் என்று பெண்கள் சபதம் எடுக்கும் கதை என்பதால் அதற்கு அத்தனை புகழ். நல்ல நாடகம்தான். ஆனால் வீரம் என்ற கற்பனையை அது அதிகம் தொடுவதில்லை. அப்புறம் வைத்துக்கொள்ளலாம்.

தொடங்க வேண்டியது ஜார்ஜ் பெர்னார்ட் ஷாவின் 'ஆர்ம்ஸ் அண்ட் த மேன்'. 1894 ஏப்ரல் 21 அன்று லண்டனின் அவென்யூ தியேட்டரில் முதலில் மேடையேறியது. மூன்று அங்கம், முக்கியப் பாத்திரங்கள் ஏழு பேர், எளிமையான உரைநடை. ஒரே மாலையில் படித்துவிடலாம். ஷா 1950இல் காலமானார். பல நாடுகளில் காப்புரிமைக் காலம் முடிந்துவிட்டதால் பிரதி குட்டன்பர்க் தளத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. ஷா பின்னாளில் சில இடங்களைத் திருத்தினார். அதனால் இரண்டு பதிப்புகளில் ஒரே வசனம் சற்று மாறியிருந்தால் குழம்ப வேண்டாம்.

கதைச் சுருக்கத்தை முன்கூட்டியே படிக்காதீர்கள். யார் யாரை மணக்கிறார்கள் என்பதைத் தெரிந்துகொண்டு படித்தால் இது வெறும் காதல் கலாட்டாவாகத் தோன்றும்.

படி 2: பத்து நிமிட வரலாறு

நாடகத்தில் வருவது கற்பனைப் போர் இல்லை. 1885 செப்டம்பரில் பல்கேரியாவும் பக்கத்திலிருந்த கிழக்கு ருமேலியா மாகாணமும் ஒன்றாக இணைந்தன. செர்பியா அதை ஏற்காமல் நவம்பர் 14 அன்று போர் தொடுத்தது. 17 முதல் 19 வரை ஸ்லிவ்னிட்சாவில் நடந்த சண்டையில் பல்கேரியர்கள் வென்றார்கள். மாதம் முடிவதற்குள் சண்டை நின்றுவிட்டது. 1886 மார்ச் 3 அன்று புக்கரெஸ்டில் சமாதான உடன்படிக்கை கையெழுத்தானது. நாடகத்தின் முதல் அங்கம் அந்த நவம்பர் இரவில் நடக்கிறது, இரண்டாம் அங்கம் மார்ச் 6 காலையில்.

ஷா ஊர்பேர் இல்லாத ஏதோ ஒரு போராகத்தான் முதலில் எழுதத் தொடங்கினார். பிறகு நண்பர் சிட்னி வெப்பின் உதவியோடு இந்தப் போரைத் தேர்ந்தெடுத்துப் பொருத்தினார். ஒட்டுப்போட்ட தடம் அங்கங்கே தெரியத்தான் செய்கிறது. நாடகத்தில் ரஷ்ய அதிகாரிகள் பல்கேரியப் படையை நடத்துகிறார்கள். நிஜத்தில் அந்த இணைப்பு பிடிக்காமல் ரஷ்யா தன் அதிகாரிகளை முன்கூட்டியே திருப்பி அழைத்துவிட்டது. பல்கேரியக் கேப்டன்களே படையை நடத்த வேண்டியிருந்தது. அதனால்தான் அந்த வெற்றியைத் தளபதிகளை வென்ற கேப்டன்களின் வெற்றி என்பார்கள். வரலாற்றுப் பாடமாக இந்த நாடகத்தைப் படிக்க வேண்டாம் என்பதற்காகத்தான் இதைச் சொல்கிறேன்.

இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். பல்கேரியர்கள் குளிப்பதில்லை, வீட்டில் மாடிப்படி இருப்பதைப் பெருமையாகப் பேசுகிறார்கள் என்பது போன்ற நகைச்சுவைகள் நாடகத்தில் நிறைய வருகின்றன. லண்டன் பார்வையாளருக்காக எழுதப்பட்டவை அவை. இன்று படிக்கும்போது கொஞ்சம் கூச்சமாகத்தான் இருக்கிறது. நாடகத்தின் பலவீனமான பக்கம் இது. இதற்காக நாடகத்தை ஒதுக்கவும் வேண்டாம், இதைக் கட்டிக்காக்கவும் வேண்டாம்.

படி 3: மேடைக் குறிப்புகளைத் தாண்டிப் போகாதீர்கள்

நாடகப் பிரதி படிக்கும்போது சாய்வெழுத்தில் இருப்பதை விட்டுவிட்டு வசனத்துக்குத் தாவுவது எல்லோருக்கும் பழக்கம். ஷாவிடம் அப்படிச் செய்தால் பாதி நகைச்சுவை போய்விடும். திரை விலகும்போது கதாநாயகி ரெய்னா பனி மூடிய மலையைப் பார்த்தபடி மாடத்தில் நிற்கிறாள். இரவின் அழகை மட்டும் அவள் ரசிக்கவில்லை, அந்த அழகில் தானும் ஒரு பகுதி என்பதையும் நன்றாக உணர்ந்து நிற்கிறாள் என்கிறது குறிப்பு. அவள் போர்த்தியிருக்கும் ரோம அங்கியின் விலை, அந்த அறையிலுள்ள மரச்சாமான்கள் எல்லாவற்றின் விலையைப்போல மூன்று மடங்காம். ஒரு வசனமும் வருவதற்கு முன்பே ஆளைப் புரிந்துகொண்டுவிட்டோம்.

மூன்றாம் அங்கத்தில் குடும்பமே பெருமைப்படும் நூலகத்தை இதே மாதிரி பாருங்கள். ஒரே ஒரு சுவர்த்தட்டு, அதில் முதுகு ஒடிந்த, காப்பிக் கறை படிந்த பழைய நாவல்கள். ரெய்னாவின் வீரக் கனவுகள் எங்கிருந்து வந்தன என்பதை அவளே முதல் அங்கத்தில் சொல்லிவிடுகிறாள்: பைரனும் புஷ்கினும் படித்தது, புக்கரெஸ்டில் ஓபரா என்னும் இசை நாடகம் பார்த்தது. போர்க்களத்தை அவள் பார்த்ததே இல்லை.

படி 4: ஒரு பொருளைத் தேர்ந்தெடுத்துக் கடைசிவரை பின்தொடருங்கள்

இந்தக் கட்டுரையில் ஒரே ஒரு படியைத்தான் செய்ய முடியும் என்றால் இதைச் செய்யுங்கள்.

தோற்று ஓடிவரும் செர்பியப் படை அதிகாரி ஒருவன் மாடம் வழியாக ரெய்னாவின் அறைக்குள் ஏறிக் குதிக்கிறான். பெயர் பிளண்ட்ஷ்லி. சுவிட்சர்லாந்துக்காரன், சம்பளத்துக்குச் சண்டை போடுபவன். கையில் துப்பாக்கி. ஆனால் அவளைக் கட்டிப்போடுவது துப்பாக்கி இல்லை. அவளுடைய ரோம அங்கியை எடுத்து வைத்துக்கொள்கிறான், அவ்வளவுதான். இரவு உடையோடு ஆண்கள் முன்னால் நிற்கக் கூசி அவள் கதவைத் திறக்க மாட்டாள் என்று அவனுக்குத் தெரியும். துப்பாக்கியை விட இது நல்ல ஆயுதம் என்று வாய்விட்டே சொல்கிறான்.

பிறகுதான் தெரிகிறது, துப்பாக்கியில் தோட்டாவே இல்லை. தோட்டாப் பெட்டியில் அவன் எப்போதும் எடுத்துப் போவது சாக்லேட். அதுவும் தீர்ந்துவிட்டது. இளம் சிப்பாய்கள் தோட்டா கொண்டுபோவார்கள், பழம் தின்று கொட்டை போட்டவர்கள் சாப்பாடு கொண்டுபோவார்கள் என்பது அவன் அனுபவம். ரெய்னா ஏளனமாகத் தன் மிட்டாய்ப் பெட்டியை நீட்டுகிறாள். பெட்டியை விரலால் வழித்துச் சாப்பிட்டுவிட்டு, இன்னும் கொஞ்சம் கடிந்துகொண்டால் அழுதுவிடுவேன் என்கிற நிலையில் உட்கார்ந்திருக்கிறான்.

இங்கே யார் பயந்தாங்கொள்ளி? பதினான்கு வருடம் சேவை செய்தவன், மூன்று நாள் குண்டுமழையில் நின்றவன், தூங்காதவன். அந்த உடம்பு எப்படி இருக்குமோ அப்படியே காட்டுகிறார் ஷா. நாடகம் வெளியானதும் விமர்சகர்கள் 'சிப்பாய் இப்படி இருப்பானா' என்று கேட்டபோது, அதே 1894ஆம் ஆண்டில் ஒரு கட்டுரை எழுதி, நிஜத் தளபதிகளின் நினைவுக் குறிப்புகளிலிருந்து ஆதாரங்களை எடுத்து வைத்தார்.

துப்பாக்கியையும் விட்டுவிடாதீர்கள். ரஷ்ய அதிகாரி அறையைச் சோதனை போடும்போது அது கண்ணெதிரே இருக்கையில் கிடக்கிறது. அதிகாரி கவனிக்கவில்லை. வேலைக்காரி லூகா கவனித்துவிடுகிறாள். யார் கண் திறந்திருக்கிறது, யார் கண் மூடியிருக்கிறது என்பதற்கு இந்த நாடகம் வைத்திருக்கும் கணக்கு இது. லூகாவையும் வேலைக்காரன் நிக்கோலாவையும் துணைக்கதை என்று வேகமாகப் புரட்டிவிடாதீர்கள்.

படி 5: குதிரைப்படைப் பாய்ச்சலை இரண்டு முறை படியுங்கள்

ரெய்னாவுக்கு நிச்சயிக்கப்பட்ட செர்ஜியஸ், ஸ்லிவ்னிட்சாவில் குதிரைப்படையோடு எதிரியின் பீரங்கிகள் மேல் பாய்ந்து வென்றவன். இந்தச் செய்தியை முதலில் தாய் கேத்தரின் சொல்கிறாள். கேட்டால் ஓபராவில் வரும் காட்சி மாதிரியே இருக்கும். சில பக்கம் கழித்து அதே பாய்ச்சலை, யாருடைய பீரங்கியை நோக்கி அது வந்ததோ அந்த பிளண்ட்ஷ்லியே விவரிக்கிறான். ஜன்னல் கண்ணாடியில் ஒரு கைப்பிடிப் பட்டாணியை எறிந்த மாதிரி இருக்குமாம். முதலில் ஒன்று, பின்னால் இரண்டு மூன்று, அப்புறம் மொத்தமாக. முதலில் வருபவனே பெரிய வீரன் என்கிறாள் ரெய்னா. அவன் கடிவாளத்தைப் பிடித்து இழுப்பதைப் பார்த்திருக்க வேண்டும் என்கிறான் இவன். குதிரை அவனை இழுத்துக்கொண்டு ஓடிவருகிறது. நிறையப் பேருக்குக் காயம் வாளால் இல்லை, குதிரைகள் ஒன்றோடொன்று மோதி முழங்கால் உடைந்ததால்.

சரி, அப்படியென்றால் எப்படி ஜெயித்தார்கள்? செர்பியர்களுக்கு வந்த தோட்டாக்கள் அவர்களுடைய இயந்திரத் துப்பாக்கிகளுக்குப் பொருந்தாதவை. சுட முடியவில்லை.

இந்த இடத்தில் சிரித்துவிட்டு, உடனே கேத்தரினின் பகுதிக்குத் திரும்பிப் போய் மறுபடியும் படியுங்கள். இரண்டிலும் நடந்தது ஒரே சம்பவம். செர்ஜியஸ் பாய்ந்ததும் பொய்யில்லை. அவன் கோழை இல்லவே இல்லை. 'தளபதிகள் சரியான முறையில் தோற்றுக்கொண்டிருந்தபோது நான் தவறான முறையில் ஜெயித்துவிட்டேன்' என்ற பொருளில் அவனே பின்னால் புலம்புகிறான், பதவி உயர்வு கிடைக்காத கடுப்பில். அந்தத் தோட்டா விஷயம் மூன்றாம் அங்கத்தில் திரும்பி வரும். செர்ஜியஸ் இவனைத் துவந்த யுத்தத்துக்கு அழைக்கிறான். நான் பீரங்கிப் படைக்காரன், இயந்திரத் துப்பாக்கியோடு வருவேன், இந்த முறை தோட்டா மாறாது என்கிறான் பிளண்ட்ஷ்லி.

படி 6: சிரிப்பு நிற்கும் இடத்தைக் கண்டுபிடியுங்கள்

இந்த வகை நாடகம் ஒவ்வொன்றிலும் ஓர் இடத்தில் நாடகக்காரர் சிரிப்பை வெட்டிவிடுவார். ஷாவிடம் அது மூன்றாம் அங்கத்தில், காதல் சண்டை உச்சத்தில் இருக்கும்போது வருகிறது. தனக்குத் தெரிந்த ஒரு வீரன் இறந்ததை பிளண்ட்ஷ்லி போகிறபோக்கில் சொல்கிறான். இடுப்பில் குண்டு பட்டு, மரக்கிடங்கில் நகர முடியாமல் கிடந்தான். எதிரியின் குண்டில் மரம் தீப்பிடித்தது. இன்னும் சிலரோடு அங்கேயே எரிந்துபோனான். ரெய்னா பதறுகிறாள். செர்ஜியஸ் போரே ஒரு பித்தலாட்டம் என்று குமுறுகிறான். அடுத்த நிமிடம் காதல் சண்டை தொடர்கிறது. நடிப்பவர்கள் பெரும்பாலும் இதை வேகமாகக் கடந்துவிடுகிறார்கள், என்னைக் கேட்டால் அது தவறு.

அப்புறம் ஓர் எச்சரிக்கை. பிளண்ட்ஷ்லியை ஷாவின் குரலாக எடுத்துக்கொண்டு அவன் சொல்வதற்கெல்லாம் தலையாட்டாதீர்கள். சிறுவயதில் இரண்டு முறை வீட்டைவிட்டு ஓடியவன், அப்பாவின் தொழிலை விட்டுப் படையில் சேர்ந்தவன், இரவல் வாங்கிய மேலங்கியைத் தபாலில் அனுப்பாமல் ரெய்னாவைப் பார்க்க நேரிலேயே வந்தவன். இதைக் கடைசியில் அவன்தான் ஒப்புக்கொள்கிறான். வீரக் கனவைக் கலைப்பவனும் ஒரு கனவுக்காரன்தான். இதைத் தவறவிட்டால் நாடகம் வெறும் விவாத மேடையாகிவிடும்.

படி 7: நண்பர்களோடு உரக்கப் படிக்கும்போது

கேலி நாடகம் என்றதும் செர்ஜியஸாகப் படிப்பவர் மீசையை முறுக்கிக் கோமாளித்தனம் செய்யத் தொடங்குவார். அதை முதலிலேயே தடுத்துவிடுங்கள். முதல் நாள் நடிகர்கள் இது எப்படி எடுபடுமோ என்ற நிச்சயமில்லாததால், வசனங்களை நம்பி மும்முரமாக நடித்தார்கள், அரங்கமே சிரித்தது; மறுநாள் சிரிப்பை எதிர்பார்த்து நடித்தார்கள், சிரிப்பு வரவில்லை என்று ஷாவே சொல்லியிருக்கிறார். முதல் நாள் முடிவில் எல்லோரும் கைதட்ட, ஒருவர் மட்டும் கூச்சல் போட்டதும், 'நானும் உங்கள் கட்சிதான், ஆனால் இத்தனை பேருக்கு எதிராக நாம் இருவர் என்ன செய்ய முடியும்' என்று ஷா பதில் சொன்ன கதை பிரபலம்.

1944இல் ஓல்ட் விக் குழுவின் தயாரிப்பில் லாரன்ஸ் ஒலிவியே செர்ஜியஸாக நடித்தார். அவருக்கு அந்தப் பாத்திரத்தைக் கண்டாலே ஆகவில்லை. செர்ஜியஸை நேசிக்க முடியாவிட்டால் நீ அவனாக ஒருபோதும் நன்றாக நடிக்க மாட்டாய் என்று ஓல்ட் விக் நிர்வாகி டைரோன் கத்ரி சொன்னதாக ஒலிவியே பின்னாளில் நினைவுகூர்ந்தார். செர்ஜியஸ் தன்னை நம்ப வேண்டும். நம்பிக்கொண்டே வேலைக்காரியின் கையைப் பிடிக்க வேண்டும்.

இதே கதையை வைத்து ஆஸ்கர் ஸ்ட்ராஸ் 1908இல் வியன்னாவில் மேடையேற்றிய ஓபரெட்டாவை இதற்குப் பதிலாகப் பார்த்துத் திருப்தி அடைய வேண்டாம். இசை இனிமைதான். ஆனால் ஷா உடைத்துப்போட்ட காதல் கற்பனையை எல்லாம் பொறுக்கியெடுத்து மறுபடி ஒட்டிவைத்த வேலை அது.

படி 8: பின்னோக்கிப் போங்கள்

ஷாவின் பையைத் திறந்து பழகிவிட்டால் பழைய நாடகங்கள் தானாகத் திறந்துகொள்ளும்.

ஷேக்ஸ்பியரின் 'நான்காம் ஹென்றி' முதல் பாகத்தில், ஷ்ரூஸ்பரி போர்க்களத்தில் இளவரசன் ஃபால்ஸ்டாஃபிடம் துப்பாக்கி கேட்கிறான். உறையைத் திறந்தால் உள்ளே மதுப் புட்டி. தோட்டாப் பெட்டியில் சாக்லேட் வந்த வழி தெரிகிறதா? அதற்குச் சற்று முன்னால் வரும் பேச்சில் ஃபால்ஸ்டாஃப், மானம் உடைந்த காலைச் சேர்த்து வைக்குமா என்று தன்னையே கேட்டுக்கொள்கிறான். முழு நாடகமும் நகைச்சுவை இல்லை. ஐந்தாம் அங்கத்தை மட்டும் முதலில் படித்தாலும் தவறில்லை.

ரோமாபுரியின் பிளாட்டஸ் எழுதிய 'மைல்ஸ் குளோரியோசஸ்' நாடகத்தின் முதல் காட்சியே போதும். வாய்ச்சவடால் வீரன் பிர்கோபொலினீசிஸ், தான் ஒரே நாளில் கொன்றவர்களின் கணக்கைத் தன் எடுபிடியிடம் கேட்கிறான். 150, 100, 30, 60 என்று அடுக்குகிறான் எடுபிடி. மொத்தம் எவ்வளவு? ஏழாயிரம் என்கிறான், சாப்பாட்டுக்காகக் கூட இருப்பவன். வீரனும் கணக்கு சரிதான் என்கிறான். இந்தியாவில் யானையின் கையை முஷ்டியால் உடைத்த கதையும் அங்கேயே வருகிறது, பரணி படித்தவர்கள் கூடுதலாகச் சிரிக்கலாம்.

அரிஸ்டோஃபனீஸிடம் 'அக்கார்னியர்கள்' முதலில். கி.மு. 425இல், ஸ்பார்ட்டாவோடு போர் நடந்துகொண்டிருக்கும்போதே ஏதென்ஸில் மேடையேறிப் பரிசும் வென்ற நாடகம். ஒரு குடியானவன் தனக்கு மட்டும் தனிச் சமாதானம் செய்துகொள்கிறான். கடைசிப் பகுதியில் தளபதி லமாக்கஸும் அவனும் அருகருகே நின்று மூட்டை கட்டுகிறார்கள். ஒருவர் கேடயம் கேட்டால் மற்றவர் பணியாரம் கேட்கிறார், ஒருவர் ஈட்டி கேட்டால் மற்றவர் இறைச்சிக் கம்பி கேட்கிறார். இருவர் மாறி மாறி உரக்கப் படிக்க இதைவிட நல்ல காட்சி கிடையாது. லமாக்கஸ் காயத்தோடு திரும்பி வருகிறான். எதிரி வெட்டியதா? பள்ளத்தைத் தாண்டும்போது திராட்சைக்கொடிக்கு நட்ட முளை குத்தியது. லமாக்கஸ் என்பவர் அப்போது ஏதென்ஸில் உயிரோடு இருந்த நிஜத் தளபதி என்பதையும் சேர்த்து யோசித்துப் பாருங்கள். அடுத்து கி.மு. 421இல் வந்த 'அமைதி'. அதில் சமாதானம் வந்ததால் நொடித்துப்போன ஆயுத வியாபாரிகள் வரிசையில் வருகிறார்கள். தலைக்கவசக் குஞ்சத்தை மேசை துடைக்கவும், மார்புக் கவசத்தை மலம் கழிக்கவும் பயன்படுத்தலாமா என்று பேரம் நடக்கிறது.

இருபதாம் நூற்றாண்டுக்கு வர விரும்பினால், ஜோன் லிட்டில்வுட் தன் தியேட்டர் வொர்க்‌ஷாப் குழுவோடு 1963இல் லண்டனில் உருவாக்கிய 'ஓ வாட் எ லவ்லி வார்'. முதல் உலகப் போரைக் கோமாளி உடையில் வரும் பாட்டுக்காரர்கள் நடத்திக்காட்டுகிறார்கள். சிப்பாய்கள் அப்போது பாடிய பாட்டுகள், தலைக்கு மேலே பலகையில் ஓடும் சாவு எண்ணிக்கை. இதை மட்டும் அச்சில் தொடங்காதீர்கள். பாட்டுகளின் ஒலிப்பதிவை முதலில் கேட்டுவிட்டு, பிறகு பிரதியைத் திறந்து, பலகையில் வரும் எண்களை ஒருவரும் பாட்டுகளை மற்றவர்களுமாகப் படியுங்கள். 1969இல் ரிச்சர்ட் அட்டன்பரோ எடுத்த படம் வேறு வழியில் போகிறது, அதைக் கடைசியில் பார்த்தால் போதும்.